ஒரு மணி நேரத்துக்கு முட்டாள்கள் தேவை

"சுடுங்க அண்ணாச்சி, வேண்டாம்னு சொல்லல. இந்த ஒரு வாய்ச் சோத்தை மட்டும் முழுங்கிக்கிடுதேன்" என்றான் காவலாளி.

ஞானசிகாமணி மவுஸின் மேல் வைத்த விரலை எடுக்காமல் காத்திருந்தார். திரைக்குள், கோட்டையின் இருண்ட நடைவழியில், துப்பாக்கியைச் சுவரில் சாய்த்துவிட்டுச் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தான் அவன். தூக்குவாளியில் புளிக்குழம்புச் சோறு. மூடியில் தனியாகச் சுட்ட கருவாடு.

"அம்மா குடுத்துவிட்டது. நீங்களும் ஒரு துண்டு எடுத்துக்கிடுங்க. வந்ததுலேருந்து பாக்கேன், முகமே சரியில்லையே உங்களுக்கு."

"நீ சாப்பிடுப்பா" என்று சொன்ன மறுகணமே ஞானசிகாமணி தலையில் அடித்துக்கொண்டார். சுடப்போன இடத்தில் உபசாரம். அதோடு, இங்கேயும் ஒருவன் அவர் முகத்தைப் படித்துவிட்டான்.

ஆட்டத்தின் பெயர் பாதாளக் கோட்டை. அவர் கல்லூரியில் படித்த காலத்திலேயே பழசாகிப்போன ஆட்டம். ஆடுகிறவனின் கண் வழியாகவே எல்லாம் தெரியும்; திரையின் அடியில் அவன் கையும் துப்பாக்கியும் மட்டும் நீட்டிக்கொண்டிருக்கும். காவலாளி என்பவன் கட்டைவிரல் உயரத்துக்குச் சில வண்ணச் சதுரங்கள். சுவரைப் பார்த்து நிற்பான். நம்மைக் கண்டால் ஒரு கத்தல் கத்திச் சுடுவான். நாம் முந்திக்கொண்டால் இன்னொரு கத்தல் கத்தி விழுவான். அவனுக்குள் வேறு ஒன்றுமே கிடையாது. அந்த ஒன்றுமில்லாமைக்காகத்தான் ஞானசிகாமணி இந்த எழுபதாவது வயதில் ஏங்கிக் கிடந்தார்.

காரணம் ஊகினிகள். கணினி என்ற சாதனத்தை உலகம் மறந்து வெகுகாலம் ஆகிவிட்டது. கணக்குப் போட மின்சாரம் அதிகம் பிடிக்கிறது, ஊகிக்கக் கொஞ்சம் போதும் என்று கண்டுபிடித்தார்கள். அன்றோடு கணக்கு ஒழிந்தது. இரண்டும் இரண்டும் எவ்வளவு என்று கேட்டால் ஊகினி அக்கம்பக்கத்து ஊகினிகளை ஒரு வார்த்தை கேட்டுவிட்டு, "நாலாகத்தான் இருக்க வேண்டும்" என்று சொல்லும். எல்லா ஊகினிகளும் ஒத்துப்போனால் அதுதான் உண்மை. குறையாக இருக்கும் எதைக் கொடுத்தாலும் ஊகித்து நிரப்பிவிடும். மங்கிய படத்துக்கு நிறம், பாதியில் நின்ற பாட்டுக்கு மீதி, கையெழுத்து புரியாத மருந்துச் சீட்டுக்கு ஒரு நோய்.

மனிதர்களையும் அது விட்டுவைக்கவில்லை. வீட்டுச் சாமான் ஒவ்வொன்றுக்குள்ளும் ஓர் ஊகினி. ஞானசிகாமணியின் பல்துலக்கி, "கடைவாயை அழுத்தித் தேய்க்கிறீர்கள். மருமகன் மேல் கோபமா?" என்று விசாரிக்கும். ஒரு பெருமூச்சு விட்டால் போதும், மின்விசிறி வேகத்தைக் குறைத்துக்கொண்டு, "மனம் விட்டுப் பேசுங்கள்" என்று தயாராகிவிடும். போன வாரம் இரண்டு வடை சுட அடுப்பைப் பற்றவைத்தபோது, "இது பசி இல்லை, தனிமை" என்று சொல்லி அணைந்தது. சட்டைப் பொத்தான்கூட அவருடைய நெஞ்சைத் தட்டிக்கொடுக்கிறது. தூத்துக்குடி கடற்கரைச் சாலை அடுக்ககத்தின் ஐந்தாம் மாடியில், மனைவி தங்கபுஷ்பம் மகள் வீட்டுக்கு நாகர்கோவில் போயிருந்த அந்த மாதம் முழுவதும், வீட்டின் சாமான் அத்தனையும் சேர்ந்து அவரைப் புரிந்துகொண்டே இருந்தன. மனிதர் நொந்து நூலாகிப்போனார்.

தன்னைப் புரிந்துகொள்ளாத ஏதாவது ஒன்றோடு ஒரே ஒரு மணி நேரம் இருக்க வேண்டும். அவ்வளவுதான் ஆசை. அதற்குத்தான் பாதாளக் கோட்டையைத் தோண்டி எடுத்தார். ஊகினியோ காவலாளிக்குப் புளிக்குழம்பு ஊற்றி உட்காரவைத்திருந்தது.

அவர் ரெமிஜியுசைக் கூப்பிட்டார்.

ரெமிஜியுஸ் பர்னாந்து அவருடைய கல்லூரித் தோழர். ஒரு பிரவுசிங் சென்டரில் பழி கிடந்து அந்த ஆட்டத்தை இரண்டு பேரும்தான் தூத்துக்குடியாக மாற்றினார்கள். அந்தக் காலத்தில் அதற்கு மோட் என்று பெயர். இவர்கள் ஒட்டுவேலை என்பார்கள். கோட்டைச் சுவர்களில் உப்பளத்தை ஒட்டினார்கள். காவலாளிகளின் வெளிநாட்டுக் கத்தலை அழித்துவிட்டு ரெமிஜியுசின் குரலை ஒட்டினார்கள்.

மத்தியானச் சாப்பாட்டைத் தாமதிக்காமல் முடித்துக்கொண்டு வந்து சேர்ந்த ரெமிஜியுஸ், திரையைப் பார்த்தார். காவலாளி கை கழுவிக்கொண்டிருந்தான்.

"என்னவே இது, என் சின்ன வயசு மாதிரியே இருக்கான்?"

"உம்ம குரல்தானே. அதை வச்சு ஊகிச்சிருக்கு. கோட்டை பூரா இதே கதைதான். எல்லாவனுக்கும் ஒரே குரல், ஒரே மூஞ்சி. அதனால எல்லாவனும் அண்ணன் தம்பின்னு முடிவு கட்டிட்டு. ஒருத்தனச் சுட்டா மத்தவன் அத்தனை பேரும் மொட்டை போடுதான் வே! நான் எங்க போயி விளையாட?"

"சரி, அம்மா எங்கேருந்து வந்தா?"

ஞானசிகாமணி அவரை ஒரு பார்வை பார்த்தார். "சாவும்போது என்னன்னு கத்துனீரு?"

ரெமிஜியுஸ் யோசித்தார். மைக் முன்னால் நின்று, முழு மூச்சையும் திரட்டி, "எம்மா!" என்று அவர் போட்ட சத்தத்தில் பிரவுசிங் சென்டர்காரர் ஓடிவந்தது நினைவுக்கு வந்துவிட்டது. "அடப்பாவி" என்று சிரித்தார். "அந்த ஒத்தை எம்மாவுக்கு ஒரு அம்மாவையே பெத்துப் போட்டுட்டா இது?"

"அந்தம்மா கோட்டைக்குப் பின்னால வீட்டுல இருக்காம். எல்லாத்துக்கும் அங்கேருந்துதான் சோறு வருது. எனக்கு ஒரு முட்டாப் பய வேணும் வே. ஒரு மணி நேரத்துக்கு. என்னைப் பாத்து ஒண்ணும் கேக்கக் கூடாது. குறி பாக்கணும், சுடணும், சாவணும். அதுக்கு மேல ஒண்ணுமே தெரியக் கூடாது."

"அவ்வளவுதானே? ஒட்டுன நமக்குப் பிய்க்கத் தெரியாதா?" என்று ரெமிஜியுஸ் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

முதலில் குரலைப் பிய்த்தார்கள். ஊகினி சற்று நேரம் யோசித்தது. இத்தனை அண்ணன் தம்பிகள் ஒரே நாளில் ஊமையாக வேண்டுமானால் எவ்வளவு பெரிய துக்கம் நடந்திருக்க வேண்டும்! அடுத்த ஆட்டத்தில் காவலாளிகள் சுவரோரமாக வரிசையாக நின்றார்கள். ஞானசிகாமணி துப்பாக்கியைத் தூக்கியதும் முன்னால் நின்றவன் கையை விரித்து, புருவத்தைத் தூக்கினான். ஏன் என்று கேட்கிறான் என்பது பார்த்த மாத்திரத்தில் விளங்கியது. அவர் துப்பாக்கியை இறக்கிவிட்டார்.

"பேசுனதே தேவலைவே" என்றார். குரலைத் திரும்ப ஒட்டினார்கள்.

அடுத்து ரெமிஜியுசுக்கு மூளை வேலை செய்தது. "இல்லாததைத்தானே அது நிரப்புது? நாமளே எழுதி வச்சிருவோம். பசி கிடையாது, பயம் கிடையாது, ஆசை கிடையாது, தாயும் கிடையாது. எப்படி நிரப்புதுன்னு பாப்போம்."

ஒவ்வொரு காவலாளியின் தலையிலும் அதை எழுதினார்கள். பசி, பயம், ஆசை, தாய் எதுவும் இல்லாதவன் யாராக இருக்க முடியும் என்று ஊகினி தமிழ்நாட்டு ஊகினிகளை எல்லாம் கலந்து பேசியது. ஆட்டம் திறந்தபோது கோட்டையில் சாம்பிராணிப் புகை. காவலாளிகள் திருநீறு பூசி, கண்மூடி, தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் மிதந்துகொண்டிருந்தார்கள். ஒருவர் ஒற்றைக் கண்ணைத் திறந்தார்.

"வா அப்பா. சுடுபவனும் நீ, சுடப்படுபவனும் நீ. ஆனால் உன் உள்ளே ஏதோ ஓர் அலுப்பு தெரிகிறதே?"

"இவரும் கண்டுபிடிச்சிட்டாரா!" என்று ஞானசிகாமணி கீபோர்டைத் தள்ளினார். மின்விசிறி உடனே வேகம் குறைத்தது. "நீ வாய மூடு" என்றார், அது திறக்கும் முன்பே.

ரெமிஜியுஸ் திரையின் அடிப்பகுதியையே பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே ஆட்டக்காரனின் கை மட்டும் தெரிந்தது.

"உம்ம ஆளப் பாரும்வே. தலை உண்டா? குனிஞ்சு பாத்தா வயிறு தெரியுதா, காலு தெரியுதா? வெறும் கை. இந்த ஆட்டத்துலயே பெரிய ஓட்டை இவன்தான். இவன விட்டுட்டு ஏன் காவலாளியப் போட்டு நிரப்புது?"

பழைய நிரலைப் புரட்டினார்கள். ஆட்டத்தை முதலில் எழுதியவன் வழக்கப்படி ஒரு வரி எழுதியிருந்தான்: ஆடுபவர் வெளியே இருக்கிறார். அந்த ஒரு வரியால்தான் ஊகினி ஆட்டக்காரனைத் தொடவில்லை. வெளியே முழு ஆள் இருக்கும்போது உள்ளே எதற்கு நிரப்ப வேண்டும்?

"இந்த வரிய மாத்திருவோம்" என்றார் ரெமிஜியுஸ். "ஒரு ஆட்டத்துக்கு இவ்வளவுதான் ஊகம்னு அதுக்கு ஒரு அளவு இருக்குல்லா. ஓட்டை பெருசா இருந்தா மொத்தத்தையும் அங்க கொண்டு கொட்டிரும். காவலாளிகளுக்குச் சொட்டு மிஞ்சாது. பழைய கட்டையா நிப்பானுவ."

"என்னன்னு மாத்த?"

"வெளியே யாரும் இல்லை."

ஞானசிகாமணிக்கு அந்த வரி பிடித்திருந்தது. தானே தட்டச்சு செய்தார். செய்யும்போது ஒரு மாதக் களைப்பு இறங்குவது போலக்கூட இருந்தது.

ஆட்டம் திறந்தது.

காவலாளிகள் சதுரம் சதுரமாக, தட்டையாக, அப்பட்டமான கட்டைகளாகச் சுவரைப் பார்த்து நின்றார்கள். மூக்கு இருந்த இடத்தில் ஒரு பழுப்புக் கட்டம். புகை இல்லை, தூக்குவாளி இல்லை. இரண்டு கிழவர்களும் கையைத் தட்டிக்கொண்டார்கள்.

"போடும்வே முதல் குண்ட!"

ஞானசிகாமணி மவுஸை அழுத்தினார். துப்பாக்கி சுடவில்லை. முன்னால் போகும் விசையை அழுத்தினார். ஆள் நகரவில்லை. மறுபடி அழுத்தினார். திரையில் தெரிந்த கை மெதுவாகத் துப்பாக்கியைத் தரையில் வைத்தது. பிறகு காட்சி பின்வாங்கியது. கைக்குச் சொந்தக்காரர் முதல் முறையாக முழுசாகத் தெரிந்தார். முன்வழுக்கை, பனியன், இடுப்பில் கைலிச் சாரம், இடது புருவத்தில் தழும்பு.

"யாருவே அது?" என்று ரெமிஜியுஸ் மெல்லக் கேட்டார். கேட்க வேண்டிய அவசியமே இல்லை. அப்படியே ஞானசிகாமணி.

ஊகினி நிரப்புவதற்கு ஓர் ஆள் தேடியிருக்கிறது. அந்த வீட்டின் பல்துலக்கிக்கும் அடுப்புக்கும் சட்டைப் பொத்தானுக்கும் ஓர் ஆளைத்தான் தெரியும். அவரை அவருக்கே தெரிந்ததைவிட அதிகமாகத் தெரியும். எல்லாம் தங்களிடம் இருந்ததைக் கொண்டுவந்து கொட்டிவிட்டன.

உள்ளே இருந்தவர் சுற்றுமுற்றும் பார்த்தார். கட்டைகளின் முதுகுகளைப் பார்த்தார். ஒரு பெருமூச்சு விட்டார். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. இன்னொன்று விட்டார். ஒரு கட்டையும் திரும்பவில்லை. அவர் முகம் மலர்ந்த மலர்ச்சியை ஞானசிகாமணி தன் கல்யாணப் படத்தில்கூடப் பார்த்ததில்லை. உப்பளச் சுவரில் சாய்ந்து, காலை நீட்டி, சாரத்தை இழுத்துவிட்டுக்கொண்டு அவர் கண்ணை மூடினார்.

"உம்ம ஒரு மணி நேரத்த அவரு எடுத்துக்கிட்டாரு" என்றார் ரெமிஜியுஸ்.

ஞானசிகாமணி வயிறெரியப் பார்த்துக்கொண்டிருந்தார். எழுப்பலாம் என்று ஒரு விசையின் மேல் விரலை வைத்தார். எழுந்தால் அந்த ஆள் என்ன நினைப்பான் என்று அவருக்கு நன்றாகத் தெரிந்தது. இங்கேயும் ஒருத்தன் வந்துவிட்டான் என்னைப் புரிந்துகொண்டு, என்று நினைப்பான். விரலை எடுத்துவிட்டார்.

கொஞ்ச நேரம் போனது. உள்ளே இருந்தவர் கண்ணைத் திறந்தார். கொட்டாவி விட்டார். சுவரில் தாளம் போட்டார். எழுந்து நடந்து, பக்கத்தில் நின்ற காவலாளியின் முதுகைச் சற்று நேரம் பார்த்தார்.

"என்ன தம்பி, நின்னுகிட்டே இருக்க? கால் வலிக்காதா?" என்றார்.

கட்டை பேசவில்லை.

"வீட்டுல அம்மா இருக்காகளா? இருப்பாக, இருப்பாக. மூஞ்சியப் பாத்தா சாப்பிடாத மாதிரி இருக்க."

அவர் பார்த்துக்கொண்டிருந்தது முதுகைத்தான். அதில் மூஞ்சியே இல்லை.

"வே, அவரு முன்பக்கம் போகப் போறாரு" என்றார் ரெமிஜியுஸ்.

ஞானசிகாமணி பதறி எழுந்தார். அந்தக் கட்டையை எழுதிய ஆளுக்கு அடுத்தபடி அதை நன்றாக அறிந்தவர் அவர்தான். அதன் கண்ணில் ஆள் பட்டால் என்ன ஆகும்? ஒரு கத்தல், ஒரு சூடு. அதற்கு மேல் அதற்கு ஒன்றும் தெரியாது. தெரியக் கூடாது என்று ஒரு மத்தியானம் முழுக்கப் பாடுபட்டவர் அவரேதான். "போகாதேயும்வே! அவன் வெறும் முட்டாப் பயவே! ஒண்ணும் தெரியாதுவே அவனுக்கு!" என்று திரையைப் பிடித்துக் கத்தினார். எல்லா விசைகளையும் சேர்த்து அழுத்தினார். வெளியே யாரும் இல்லை என்று எழுதியாகிவிட்டது. உள்ளே எதுவும் கேட்கவில்லை.

உள்ளே இருந்தவர் சிரித்த முகத்தோடு சுற்றிவந்து காவலாளியின் எதிரே நின்றார்.

"ஏய், யாருவே அது?" என்றது கட்டை, ரெமிஜியுசின் இருபது வயதுக் குரலில்.

"அட, பேசுதியே!" என்று அவருக்கு ஒரே சந்தோஷம். "நான் ஞானசிகாமணி. இங்கதான் கடற்கரைச் சாலையில..."

சூடு விழுந்தது. திரை மேலிருந்து கீழாகச் சிவந்தது.

அறையில் மின்விசிறி நின்றது. பொத்தான் அவர் நெஞ்சைத் தட்டுவதை விட்டது. சமையலறையில் அடுப்பின் சின்ன விளக்கு அணைந்தது. ஊகினிகள் ஒன்றையொன்று கேட்டுக்கொண்டிருந்தன. வெளியே யாரும் இல்லை. உள்ளே இருந்தவர் போய்விட்டார். அடுக்ககத்து ஊகினிகள் ஒத்துக்கொண்டன. தெரு ஒத்துக்கொண்டது. ஊர் ஒத்துக்கொண்டது. இருவரும் ஒரு வாய்த் தண்ணீர் குடித்து முடிப்பதற்குள் கன்னியாகுமரி வரை ஒத்துக்கொண்டுவிட்டது.

ரெமிஜியுஸ் அவசரமாக அந்த வரியை மாற்றப் போனார். "ஆடுபவர் காலமாகிவிட்டார். அவருடைய ஆட்டத்தை மாற்ற வாரிசின் சம்மதம் தேவை. ஆழ்ந்த அனுதாபங்கள்" என்றது ஊகினி.

அப்போது ரெமிஜியுசின் போன் அடித்தது. தங்கபுஷ்பம். பேச்சே வரவில்லை, அழுகைதான் வந்தது.

"மதினி, அழாதீங்க! ஒண்ணும் ஆகல. இந்தா என் பக்கத்துலதான் குத்துக்கல்லாட்டம் இருக்காரு. பேசச் சொல்லுதேன், கேளுங்க."

ஞானசிகாமணி போனைப் பிடுங்கினார். "ஏட்டி புஷ்பம், நான்தான். நல்லாத்தான் இருக்கேன். இந்தச் சனியன் பிடிச்ச மிஷினு தப்பா ஊகிச்சிட்டு."

அந்தப் பக்கம் அழுகை நின்றது.

"அவுக குரலேதான்" என்றாள். "ஏட்டிங்கிறதுகூட அப்படியே இருக்கு. ஆனா இது நிரப்புன குரல்னு போன் சொல்லுதே." பிறகு மூக்கை உறிஞ்சினாள். "ரெமி அண்ணாச்சி, நீங்க நல்ல எண்ணத்துலதான் செய்யுதீய. ஆனா அதை நிறுத்துங்க. என்னால தாங்க முடியல."

போன் துண்டிக்கப்பட்டது. மறுபடி போட்டால் எடுக்கவில்லை.

"நேர்ல போயி நில்லும்வே" என்றார் ரெமிஜியுஸ். "உடனே கிளம்பும். நான் இங்க இருந்து மதினிக்கு அடிச்சிக்கிட்டே இருக்கேன்."

ஞானசிகாமணி செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். லிஃப்ட்டின் முன்னால் நின்றார். கதவு திறக்கவில்லை. கையை ஆட்டினார். இருமினார். உரக்கத் தன் பெயரைச் சொன்னார். யாரும் இல்லாத இடத்தில் நிற்பது போல லிஃப்ட் சும்மா நின்றது. மாடிப்படியில் விளக்கும் எரியவில்லை. இறங்க ஆள் இருந்தால்தானே எரியும்.

பக்கவாட்டுக் கைப்பிடியைப் பற்றித் தடவித் தடவி இறங்கினார். எங்கும் அப்படி ஓர் அமைதி. உங்களுக்கு என்ன என்று கேட்க ஒன்றுமே இல்லை. மூன்றாம் மாடித் திருப்பத்தில் முழங்கால் விண்ணென்று தெறித்தது. படியில் உட்கார்ந்தார். ஒரு பெருமூச்சு விட்டார். அது கீழே முதல் மாடி வரை போய்த் திரும்பி வந்தது.

"முட்டு வலிக்குதுப்பா" என்றார், கைப்பிடியைப் பார்த்து.

வெறும் இரும்புக் குழாய். அந்தக் கட்டடத்திலேயே மூளை வைக்காத ஒரே பொருள். ஞானசிகாமணி அதன் மேல் கையை வைத்தபடி, பதிலுக்காகக் காத்திருந்தார்.